ஊசிமல்லியா காட்டுமல்லியா, மைனி?

என் அருமை மைனிக்கு,

நீங்கள் போன பிறகு இந்த வீட்டில் என்னை எதிர்த்துப் பேச ஒரு ஆள் இல்லை. அண்ணன் பெண்டாட்டியும் நாத்தனாரும் ஒரே வீட்டில் இருந்தால் சண்டைதான் என்று நினைக்கிற ஊர் இது. போட்டோம், இல்லையென்று நான் சொல்லவில்லை. ஆனால் நாம் போட்ட சண்டையில் முக்கால்வாசி காட்டுப்பூவுக்காக என்று சொன்னால் யார் நம்பப் போகிறார்கள்?

அண்ணன் காலமான பிறகு நீங்களும் நானும் மட்டும்தான் மிச்சம். நான் கல்யாணமே வேண்டாம் என்று தபாலாபீஸ் கவுண்டரில் உட்கார்ந்தே தலை நரைத்தவள். உங்களுக்குச் சர்க்கரை, தினமும் நடக்கணும் என்று டாக்டர் சொல்லிவிட்டார். விக்கிரமசிங்கபுரத்தில் பஸ்ஸும் சைக்கிளும் இடிக்காமல் நடக்க இடம் ஏது? அதனால்தான் பாபநாசம் போகிற வழியில் விலகி அந்தப் பொத்தைப் பக்கம் போனோம். பாறையும் முள்ளுமாகக் கிடக்கிற அந்தச் சின்னக் குன்றில் இத்தனை வெள்ளைப் பூ பூக்கும் என்று அதற்கு முன்னால் நமக்குத் தெரியாது.

தூரத்திலிருந்து பார்த்தால் எல்லாம் ஒன்றுதான். நட்சத்திரம் மாதிரி வெள்ளைப் பூ, ஒரே புதரில் ஒன்றையொன்று பின்னிக்கொண்டு. களாவை மட்டும் சீக்கிரம் பிரித்துவிட்டோம். அதற்கு முள் இருக்கும், இதழ் ஐந்துதான், காம்பைக் கிள்ளினால் பால் வடியும். வம்பெல்லாம் காட்டுமல்லியும் ஊசிமல்லியும் பண்ணியதுதான். இதழை எண்ணிப் பிரயோசனம் இல்லை; இரண்டும் பூவுக்குப் பூ வேறு கணக்கு வைத்திருக்கும். நூலகத்திலிருந்து நான் எடுத்துவந்த செடிகொடிப் புத்தகத்தில்தான் அடையாளம் கிடைத்தது. ஊசிமல்லி இலையின் அடியில், காம்போடு ஒட்டி, இந்தப் பக்கம் ஒன்று அந்தப் பக்கம் ஒன்று, குட்டிக் காது மாதிரி இரண்டு சிற்றிலை இருக்கும். காட்டுமல்லிக்குக் காது கிடையாது.

அந்தக் காது உங்கள் கண்ணுக்குத் தெரியாது. சர்க்கரை கண்ணைத் தொட்டுவிட்டது. எனக்கோ கொரோனாக் காய்ச்சலோடு மூக்கு போய்விட்டது. காப்பி தீய்ந்தாலும் தெரியாது, கற்பூரம் கொளுத்தினாலும் தெரியாது. அதனால் நீங்கள் பூவை வாங்கிக் கண்ணை மூடி மோந்து பேர் சொல்வீர்கள். நான் இலையைத் திருப்பிப் பார்த்துச் சரியா தப்பா என்று சொல்வேன்.

“ரெண்டு பேரும் சேந்தாத்தான் ஒரு முழு மனுசி, பாத்துக்கோ,” என்பீர்கள். அப்போது சிரித்தேன். இப்போது பாதி மனுஷியாக இருந்துகொண்டு அதை நினைத்துப் பார்க்கிறேன்.

பாறை ஓரத்துக் கொடியில்தான் நமக்கு முட்டிக்கொண்டது.

“ஊசிமல்லி,” என்றீர்கள்.

“இல்ல மைனி. இலையில காது இல்ல. இது காட்டுமல்லி.”

“ஏளா கோமு, காட்டுமல்லின்னா தூரத்துலயே மூக்குல வந்து அடிக்கும். இது கிட்ட வந்து பைய பேசும். பெறகு நாள் பூரா விடாது.”

“பைய பேசுதா? எனக்கு ஒண்ணும் கேக்கலியே.”

“மூக்குதான் போச்சுன்னு நெனச்சேன். கண்ணும் போயிட்டா ஒனக்கு?”

வீடு வந்து சேருகிறவரை அதே பேச்சு. அடுத்த வைகாசியிலும் அதே பேச்சு. நீங்களும் இறங்கவில்லை, நானும் இறங்கவில்லை. மறுபடி பூக்கட்டும், ஒரு கை பார்த்துவிடலாம் என்று இருந்தேன். அதற்குள் ஐப்பசியில் ஒரு காலை, குளித்துவிட்டு வந்து நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தீர்கள். அவ்வளவுதான். பேச்சைப் பாதியில் விட்டுவிட்டுப் போகிறவர் நீங்கள் இல்லையே மைனி?

அந்தக் கொடிப் பூவைத்தான் முந்தானையில் முடிந்துகொண்டு வருவீர்கள். அண்ணனுக்குப் பிறகு நீங்கள் தலையில் பூ வைத்ததில்லை. தெருவில் வருகிற பூக்காரம்மா நம் வாசலில் மட்டும் கூவாமல் தாண்டிப் போவாள். “வைங்க மைனி, யாரு என்ன செய்ய முடியும்?” என்று நான் எகிறினால், “ஊர் வாயை நீயா மூடப் போற?” என்று அடக்கிவிடுவீர்கள். ஆத்திரத்தில் நானும் பூ வைப்பதை விட்டேன். ஆனால் கடையில் வாங்கினால்தான் ஊருக்கு அது பூ. முந்தானை முடிச்சில் சில்லறை இருக்கிறதா சாவி இருக்கிறதா என்று யார் அவிழ்த்துப் பார்க்கப் போகிறார்கள்? நாள் முழுக்க அந்த முடிச்சை இடுப்பில் செருகிக்கொண்டு உலாத்துவீர்கள். அந்த நேரத்தில் உங்கள் முகத்தில் ஒரு கள்ளச்சிரிப்பு இருக்கும்.

வருஷத் தெவசத்துக்கு உங்கள் மகள் மீனா ஓசூரிலிருந்து வந்திருந்தாள். எல்லாம் முடிந்து, வந்தவர்கள் போன பிறகு உங்கள் பீரோவைத் திறந்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். ஒவ்வொரு சேலையாக எடுத்து முகத்தில் வைத்துப் பார்த்தாள்.

“அத்தை, அம்மா முந்தியில ஒரு பூ மணக்குமே? ஊருக்கு வந்தா நான் அதுல மொகத்த வச்சுட்டுத்தான் தூங்குவேன். எல்லாச் சேலையிலயும் சோப்பு மணம்தான் வருது.”

துவைத்து மடித்து வைத்தவள் நான்தான் மைனி. நீங்கள் போன அந்த வாரமே துவைத்துவிட்டேன். அதில் ஒரு மணம் இருக்கிறது, அது மீனாவுக்கு வேண்டும் என்று இந்த மூக்குக்கு எப்படித் தெரியும்?

“ஓசூர்ல பூக்கடை பூக்கடையா மோந்து பாத்துட்டேன். எதுவும் அது இல்ல. அந்தச் செடி ஒண்ணு தாங்க அத்தை, பால்கனியில வைக்கேன்.”

“அதுக்கென்ன, பொங்கலுக்கு வரும்போது தாரேன்,” என்று வாயைக் கொடுத்துவிட்டேன். மறுநாளே பொத்தைக்குப் போனேன். யாரோ நிலத்தை வாங்கிக் கல்லுக்கால் நட்டிருந்தார்கள். பாறை ஓரத்துப் புதரையெல்லாம் வெட்டிக் குவித்துத் தீ வைத்திருந்தார்கள். நம் கொடி நின்ற இடத்தில் விரல்கட்டை அளவுக்குக் கருகிய அடிமூடுதான், வேரை ஒட்டின கட்டைதான் மிச்சம்.

பொத்தையின் மறுபக்கத்தில் காட்டுமல்லியும் நின்றது, ஊசிமல்லியும் நின்றது. காலம் தப்பிய காலம், ஒன்றிலும் பூ இல்லை. இருந்தாலும் நான் மோந்து என்ன ஆகப்போகிறது? இலையைப் பார்த்து இது இன்னது என்று இரண்டையும் பிரித்துவிடுவேன். மீனா கேட்டது இரண்டில் எது என்பதுதான் கேள்வி. நீங்கள் சொன்னது சரியென்றால் ஊசிமல்லி. நான் சொன்னது சரியென்றால் காட்டுமல்லி. தப்பானதைக் கொடுத்தால், தாய் மணம் என்று அந்தப் பிள்ளை ஒரு வருஷம் தண்ணீர் ஊற்றி வளர்த்து, கடைசியில் யாரோ ஒருத்தியை மோந்து பார்ப்பாள்.

என் கண்ணை நம்பி ஒரு காட்டுமல்லிக் கன்றைப் பறித்து வந்து தொட்டியில் வைத்தேன். வைத்த அன்றைக்கே மனசு கேட்கவில்லை. யாராவது “இல்ல” என்று சொன்னால் தேவலை போல் இருந்தது. எதிர்வீட்டுப் பார்வதியக்காவைக் கூப்பிட்டுக் காட்டி, மைனி பாறை ஓரத்துக் கொடியை ஊசிமல்லி என்றார்கள், நான் இதே காட்டுமல்லிதான் என்கிறேன், நீங்க என்ன சொல்லுதிய என்று கேட்டேன்.

“எல்லாம் வெள்ளப்பூதான கோமதி. எதக் குடுத்தா என்ன? அந்தப் பிள்ளைக்கு என்ன தெரியவா போகுது?” என்றாள்.

நல்ல மனசோடுதான் சொன்னாள். எனக்கு முகத்தில் அடித்த மாதிரி இருந்தது. உள்ளே வந்து கதவைச் சாத்திக்கொண்டேன். இந்த ஊரில் இவ்வளவு ஜனம் இருக்கிறது. இரண்டு வெள்ளைப் பூவுக்கு என்ன வித்தியாசம் என்று என்னோடு மல்லுக்கட்ட ஒரு ஆள் கிடையாது. தனிமை என்றால் பேச ஆள் இல்லாதது என்றுதான் நினைத்திருந்தேன். பேச ஆள் இருந்தும், சரி சரி என்று தலையாட்டிவிட்டுப் போகிறார்களே, இது அதைவிட மோசம் மைனி.

கார்த்திகை மழை விட்ட ஒரு காலையில் மறுபடியும் ஏறினேன். எதற்கு என்று கேட்டால் எனக்கே பதில் தெரியாது. பாறை வழுக்கியது, கையை ஊன்றி ஊன்றிப் போனேன். கருகிக் கிடந்த அந்த அடிமூட்டிலிருந்து நாலைந்து துளிர் வந்திருந்தது. சாண் உயரம்கூட இல்லை. குத்தவைத்து உட்கார்ந்து ஒரு இலையைத் திருப்பினேன்.

காது இருந்தது. இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று. அடுத்த இலையிலும் இருந்தது. எல்லாத் துளிரிலும் இருந்தது.

“மைனி! நீங்கதான் ஜெயிச்சிய! ஊசிமல்லிதான்!” என்று சத்தமாகவே சொல்லிவிட்டேன். திரும்பியும் பார்த்தேன். நீங்கள் வழக்கமாக உட்காருகிற பாறை ஈரமாகக் கிடந்தது. கீழே ரோட்டில் பாபநாசம் பஸ் ஒன்று ஹாரன் அடித்துக்கொண்டு போயிற்று. வாழ்க்கையில் முதல்தடவையாக உங்களிடம் தோற்றிருக்கிறேன், அதைக் கேட்டுச் சிரிக்க நீங்கள் இல்லை. அங்கேயே உட்கார்ந்து அழுதேன். வெட்கம் என்ன, யார் பார்க்கப் போகிறார்கள்?

வீட்டுக்கு வந்து புத்தகத்தை மறுபடியும் எடுத்துப் பார்த்தேன். ஊசிமல்லியில் சில இலைக்குக் காது இல்லாமலும் இருக்கும் என்று அதிலேயே கீழே சின்ன எழுத்தில் போட்டிருக்கிறது. நான் கைக்கு எட்டின முத்தின இலையையே திருப்பித் திருப்பிப் பார்த்திருக்கிறேன். மேலே கொழுந்தை ஒரு தடவை வளைத்துப் பார்த்திருந்தால் அன்றைக்கே தீர்ந்திருக்கும். ஆனால் தீர்ந்திருந்தால் இரண்டு வருஷம் நாம் எதைப் பேசிக்கொண்டு நடந்திருப்போம்?

மறுநாள் போய் அந்த அடிமூட்டிலிருந்து வேரோடு ஒரு துண்டைப் பெயர்த்து வந்து தொட்டியில் தேற்றினேன். பொங்கலுக்கு வந்த மீனா அதை மடியிலேயே வைத்துக்கொண்டு ரயிலில் போனாள். போன வாரம் போன் பண்ணினாள்.

“அத்தை, முத முதலா நாலு பூ பூத்திருக்கு,” என்றாள். அந்தப் பக்கம் அவள் மூச்சை இழுத்து இழுத்து மோப்பது கேட்டது. பிறகு, “இதான் அத்தை. இதேதான்,” என்றாள். வீடியோவில் வந்து பூவைப் போன் கண்ணாடியோடு ஒட்டி வைத்து, “மோந்து பாருங்க அத்தை,” என்றாள். என் மூக்கு விஷயம் அவளுக்கு அந்த நேரத்தில் மறந்துபோயிருக்கும்.

“மணக்கு மீனா,” என்றேன்.

மைனி, உங்கள் மணம் உங்கள் மகளிடம் போய்ச் சேர்ந்துவிட்டது. எனக்கு அது எப்படி இருக்கும் என்று கடைசிவரை தெரியாது. நீங்கள் சொன்னது மட்டும்தான் என்னிடம் இருக்கிறது, கிட்ட வந்து பைய பேசும் என்று.

ஒன்று மட்டும் சத்தியமாகச் சொல்கிறேன். நடக்க முடிகிறவரை வைகாசிக்கு வைகாசி பொத்தைக்குப் போவேன். ஒவ்வொரு கொடியாக நின்று, கொழுந்து இலையை வளைத்துப் பார்த்து, பேரை வாய்விட்டுச் சொல்வேன். சொல்லிவிட்டு உடனே நகர மாட்டேன். நீங்கள் “இல்ல” என்று சொல்வதற்குக் கொஞ்ச நேரம் விட்டுத்தான் அடுத்த கொடிக்குப் போவேன்.

உங்களிடம் தோற்றுப்போன நாத்தனார்,
கோமு