பணிநீக்க உத்தரவில் ஒரு சாலை

கார்த்திகை 4, செவ்வாய்

காலையிலிருந்து தூறல். குடைக் கம்பி ஒடிந்துவிட்டது. ரிப்பேருக்குக் கொடுக்க வேண்டும்.

முன்பு மூன்றாம் வகுப்பில் ஒரு பையன் கேட்டான்: "சார், வராதவன் ஏன் வரலைனு வந்தவங்களைக் கேட்டா எப்படித் தெரியும்?" அன்று முதல் வராத பிள்ளையின் வீட்டுக்கே போய்ப் பார்க்கும் வழக்கம் வந்தது.

இன்று ஷமீமா வந்தபோது அந்தக் கேள்வி ஞாபகம். நான் ஓய்வு பெற்ற பள்ளியின் தீவுக் கிளையில் ஆசிரியை. வீடு பழவேற்காட்டில். தினமும் படகில் போய்ப் படகில் வருவாள். மூன்று நாள் வரவில்லை என்று நிர்வாகம் வேலையை விட்டே நீக்கிவிட்டது. அந்த மூன்று நாளும் தீவில் அடுத்தடுத்துச் சாவு. பிணம் எடுக்கிற வரை அங்கே ஒரு படகும் தண்ணீரில் இறங்காது. இந்தக் கரைப் படகும் அங்கே போகாது. இது இங்கே பால்காரருக்கும் தெரியும்.

உத்தரவை மறுபடி படித்தேன். "படகு இயங்காத நாட்களில் சாலை வழியாகச் சென்றிருக்கலாம்." தீவுக்குச் சாலை! படித்தவர்கள் கையெழுத்துப் போட்டிருக்கிறார்கள்.

மூன்று நாளுக்கா வேலை போகும்? படகில் வரும் பிள்ளைகளுக்கு உயிர்காப்புச் சட்டை வேண்டும் என்று ஆண்டு விழா மேடையில் பேசினாள். அதற்குப் போயிற்று.

நிர்வாகத்திடம் மேல்முறையீடு செய்தாள். விசாரித்தவர்? நீக்கிய அதே தாளாளர். விடைத்தாளைத் தப்பாகத் திருத்தியவரிடமே மறுமதிப்பீட்டுக்குக் கொடுப்பது போல. உயர் நீதிமன்றம் அதைத்தான் பிடித்துக்கொண்டது. வேறொருவர் புதிதாக விசாரிக்க வேண்டும், அவள் தரப்புச் சாட்சியையும் கேட்க வேண்டும் என்று உத்தரவு. ஓய்வு பெற்ற நீதிபதி ஒருவர் வருகிறார். வெள்ளிக்கிழமை, பழவேற்காட்டுப் பள்ளியில்.

கார்த்திகை 5, புதன்

வெயில். ஷமீமாவோடு தீவுக்கு. சாட்சி தேசப்பன், அவளைத் தினமும் படகில் ஏற்றி வந்தவர். வலை உதறிக்கொண்டிருந்தார். வெள்ளிக்கிழமை அவருக்குப் பாடு. அதாவது, மீன் படும் நல்ல இடத்தில் வலை போட ஊர் முறைவைத்துத் தரும் நாள். விட்டால் சுற்று முடிந்துதான் அடுத்தது.

"டீச்சருக்கு வேலை போனா கோர்ட்டு கீது, வாத்தியாரே. எனக்குப் பாடு போனா எந்தக் கோர்ட்டு?"



இறால் உரித்துக்கொண்டிருந்த அவர் மனைவி கன்னியம்மா விடவில்லை. "உம் பொண்ணு பேர் எழுதக் கத்துக்கினது யாராண்ட? இவுரு வருவாரு டீச்சர், நீ கவலப்படாத."

"நான் எங்கம்மே மாட்டேன்னேன்? கேக்கத்தானே செஞ்சேன்!"

ஷமீமா சிரித்தாள். பல மாதத்துக்குப் பிறகு.

கார்த்திகை 6, வியாழன்

பிரஷர் மாத்திரை தீர்ந்தது. வாங்கியாயிற்று.

வக்கீல் போன்: சாட்சி நேரில் வந்தே ஆக வேண்டும். சாயங்காலம் ஷமீமா: "இதுலயும் போச்சுன்னா வேற எந்த ஸ்கூல்ல சார் சேத்துக்குவாங்க? நீக்கிட்ட டீச்சர்னு பேராயிடுச்சே." டீ ஆறிப்போனது. குடிக்காமலே போனாள்.

கார்த்திகை 7, வெள்ளி

விடிந்ததும் கன்னியம்மா போன். "வாத்தியாரே, கோடி வூட்டுத் தாத்தா போய்ட்டாரு. படகு எறங்காது. இவுரு சட்டையப் போட்டுக்கினு கரையிலயே நிக்கிறாரு."

விசாரணையில் தாளாளர் முகத்தில் புன்னகை. "சாட்சி வரலை. அப்படியே எழுதிக்கலாமா சார்?"

எனக்கு அங்கே பேச அனுமதி இல்லை. எழுந்துவிட்டேன். "ஐயா, கரைக்குப் போய்ப் பாத்துட்டு எழுதுங்க. நடக்குற தூரம்தான்."

 நீதிபதி செருப்பை மாட்டிக்கொண்டார். தாளாளரும் பின்னால் வர வேண்டியதாயிற்று.

எதிர்க்கரையில் படகுகள் எல்லாம் மணலில். வெள்ளைச் சட்டையில் தேசப்பன், துண்டை வீசிக்கொண்டு. நீதிபதி மீன் விற்கும் அம்மாவிடம் கேட்டார்.

"சாவுக்குப் படகு உடமாட்டாங்கோ, சார்."

"அப்ப ரோட்டுல போகலாமா?"

"ரோடா? இன்னா சார், தண்ணி மேலயா?"

கரையில் இருந்தவர்கள் எல்லாம் சிரித்தார்கள். நீதிபதி சிரிக்கவில்லை. தாளாளர் பக்கம் திரும்பினார். "நீங்க எழுதின ரோடு எங்கே? காட்டுங்க."

தாளாளர் போனைப் பார்த்துக்கொண்டிருந்தார். அது அடிக்கவே இல்லை.

பிணம் எடுத்த பிறகு, சாயங்காலம், தேசப்பன் வந்தார். நீதிபதி அதுவரை காத்திருந்தார். சாட்சி சொல்லியாயிற்று. வெளியே வந்து தேசப்பன்: "பாடும் போச்சு வாத்தியாரே. இன்னிக்கு ஊருக்கே போச்சு, அதனால வவுறு எரியல."

கார்த்திகை 8, சனி

மறுபடி தூறல். குடை இன்னும் கொடுக்கவில்லை. உத்தரவு அடுத்த வாரமாம். ஷமீமா தன் பாடக் குறிப்பேட்டுக்கு அட்டை போட்டுவிட்டாள். யாரும் சொல்லவில்லை, தானாகவே.

இதை யாராவது எடுத்துப் படித்தால்: ஒரு பெயருக்கு எதிரே "வரவில்லை" என்று எழுதும் முன், அந்த ஆள் வரும் வழியில் ஒரு முறை போய்ப் பாருங்கள்.