கோயம்புத்தூருக்கு யாரை அனுப்புவது

அல்லிநகரம்,
12.6.2004

மதிப்பிற்குரிய அப்பாவுக்கு,

சினேகா எழுதுவது. அம்மா, தம்பி, நான் மூவரும் சுகம். மஸ்கட்டில் வெயில் கடுமை என்று படித்தேன். வெல்டிங் வேலையில் கண்ணைப் பார்த்துக்கொள்ளுங்கள். எனக்குப் பத்தாம் வகுப்புப் புத்தகங்கள் வந்துவிட்டன.

அம்மா வேலை பார்க்கும் மில்லுக்கு நூல் சுற்றும் புது மெஷின் வந்திருக்கிறது. அதை ஓட்டக் கற்றுவர ஒருவரைக் கோயம்புத்தூருக்கு அனுப்பச் சொன்னார்கள். நம்மூரில் எதற்கும் முதல் மரியாதை உண்டல்லவா? கோயிலில் பரிவட்டம் கட்டுவதுபோல முதலாளியின் மைத்துனர் மலைச்சாமிக்கு மாலை போட்டு பஸ் ஏற்றினார்கள். அவர் வாழ்நாளில் அறுந்த நூலுக்கு ஒரு முடிச்சுப் போட்டவரில்லை.

திரும்பி வந்தவர் பெண்களை உட்காரவைத்து வகுப்பு எடுத்தார். பாதி வகுப்பு கோயம்புத்தூர் சாம்பாரைப் பற்றி. மீதி நேரம் எல்லோரும் எழுந்து "என்னால் முடியும்" என்று கைதட்ட வேண்டும். பாண்டியம்மாள் அத்தை, "எங்களால முடியும்ணே, மெசினாலதான் முடியல. செவப்பு லைட்டு எரியுது பாருங்க" என்றாராம். "ஏத்தா, தொடாத! பயிற்சி எடுத்தவுக மட்டுந்தான் தொடணும்" என்று சொல்லிவிட்டு, பயிற்சி எடுத்தவர் டீ குடிக்கப் போய்விட்டார். அவருடைய சான்றிதழை மெஷினுக்கு மேலே மாட்டி வெள்ளிக்கிழமைதோறும் பூ வைக்கிறார்கள். மெஷின் ஓடவில்லை.

மெஷின் கம்பெனி இன்ஜினியர் வந்து பார்த்துத் தலையில் அடித்துக்கொண்டார். நூலில் கைவைக்கிற ஆளை அனுப்புங்கள் என்று சொல்லி, அவரே அம்மாவைத் தேர்ந்தெடுத்தார். பத்து நாள், பெண்கள் விடுதியில் தங்கலாம். பழைய சுற்றுப் பிரிவை மூடப் போகிறார்கள். அம்மா கற்று வந்தால் புது மெஷினில் நிரந்தர வேலை. போகாவிட்டால் வேலையே இல்லை.

பெரியப்பா நம் வாசலில் நின்று, "புருசன் வெளிநாட்டுல கெடக்கான். பொம்பளைக்கு என்ன ட்ரெயினிங்கு?" என்று தெருவுக்கே கேட்கும்படி கத்தினார். மலைச்சாமி புறப்பட்டபோது இப்படி யாரும் அவர் வாசலில் நின்றதாக நான் கேள்விப்படவில்லை. நீங்கள் மதுரையில் தங்கி வெல்டிங் பழகிய மாதங்களில் அம்மா ஒற்றை ஆளாய் வீட்டைப் பார்த்தார். அப்போதெல்லாம் பெரியப்பா எட்டிப் பார்க்கவில்லை. "நீ சொல்றபடியே அவள நடக்கச் சொல்லுண்ணே" என்று நீங்கள் அவரிடம் போனில் சொன்னதாக இப்போது வந்து சொல்கிறார். நீங்கள் அப்படிச் சொல்லியிருப்பீர்களா என்று அம்மா இரண்டு நாள் சாப்பிடாமல் யோசித்தார்.

அதனால் நேற்று ஒன்று செய்தேன். பள்ளியிலிருந்து வந்ததும், எதிர்வீட்டுப் போனுக்கு அப்பா பேசினார், போய்வரச் சொன்னார் என்றேன். பெரியப்பா துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வீட்டுக்குப் போய்விட்டார். தெருவில் எல்லோரும் உங்களைப் பெருந்தன்மையானவர் என்கிறார்கள். அம்மா, "அவுகளே சொன்னாகளா?" என்று மூன்று தடவை கேட்டுவிட்டு, சிரித்துக்கொண்டே சேலைகளை மடித்தார். திங்கட்கிழமை பஸ்.

சுருளி வேலப்பர் உங்களுக்குத் துணையிருக்கட்டும். அடுத்த முறை அம்மாவிடம் பேசும்போது, தயவுசெய்து, அதைச் சொன்னவராகவே பேசுங்கள் அப்பா.

தங்கள் மகள்,
சினேகா