ஊசி இல்லாத மெத்தையும் தொண்ணூற்றொன்றாம் நம்பரும்

என் செல்லக் கழுதைக்கு, அம்மா எழுதுவது. இங்கே நானும் உங்கப்பாவும் தலை நிறைய மெத்தைப் பஞ்சோடு, உடம்பில் ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம். நீயும் அங்கே வேளைக்குச் சாப்பிட்டு, பனியில் நின்று மூக்கை உறிஞ்சாமல், நன்றாக இருக்க வேண்டும் என்பதுதான் எங்கள் இருவருக்கும் நினைப்பு. போன் இருக்கும்போது இவள் எதற்குக் கடுதாசி எழுதுகிறாள் என்று பார்க்காதே. போனில் நான் வாயைத் திறந்ததும் நீ வைத்துவிடுகிறாய், கடுதாசியை அப்படிப் பாதியில் வைக்க முடியாது, அடுத்த வரியில் என்னைப் பற்றி என்ன எழுதியிருக்கிறாளோ என்று பயந்தாவது படிப்பாய். நாலாம் வகுப்போடு நின்ற கை இது, எழுத்து கோணலாகத்தான் இருக்கும், நீ எழுத்தைப் பார்க்காமல் விஷயத்தைப் பார்.

போன ஞாயிற்றுக்கிழமை நீ பேசியது மொத்தம் ரெண்டே பேச்சு. டெலஸ்கோப்பை நட்சத்திரம் பார்க்கிற கிளப்புக்கே கொடுத்துவிடப் போகிறேன், இனிமேல் அவர்களோடு மலைக்குப் போக மாட்டேன், அவ்வளவுதான். ஏன் என்று கேட்க ஆரம்பித்த உங்கப்பாவுக்கு நடுவில் இருமல் வந்து, இருமி முடித்துப் பார்த்தால் லைனில் நீ இல்லை. பாவம் மனுஷன், போனைக் கையில் பிடித்துக்கொண்டு "நான் இருமினதுக்கா கோச்சுக்கிட்டா?" என்று என்னைக் கேட்கிறார். இல்லைங்க, அவள் கோபம் வானத்து மேலே, நமக்கு அந்த அளவு மரியாதை எல்லாம் கிடையாது என்று சொல்லி வைத்தேன்.

எனக்குக் காரணம் தெரியாதா என்ன. மூணு வாரத்துக்கு முன்னால் "அம்மா, எனக்கு ஒரு வால்நட்சத்திரம் கிடைச்சிருக்கும்மா!" என்று நீ போட்ட கூச்சலில் பக்கத்து டயர் கடைக்காரர் எழுந்து வந்துவிட்டார். உங்கப்பா சும்மா இருந்தாரா, முடிவெட்டுகிறவரிடம், மருந்துக் கடையில், மெத்தைக்கு அளவு கொடுக்க வந்தவரிடம் எல்லாம் சொல்லிவிட்டார். டயர் கடைக்காரருக்கு ஒரே கவலை, "அது இந்தப் பக்கம் விழாதில்ல, இப்பத்தான் கூரை மாத்தியிருக்கேன்" என்கிறார். அப்புறம் பார்த்தால் அது வால்நட்சத்திரமே இல்லை, உன் பட்டியலில் இருக்கிற தொண்ணூற்றொன்றாம் நம்பர் கேலக்ஸியாம். ரெண்டு நாள் பொறுத்து அது நகர்கிறதா என்று பார்த்திருந்தால் தெரிந்திருக்குமாம். எட்டு மாதத்திலேயே பிறந்து வந்தவள் ரெண்டு நாள் பொறுப்பாளா என்று நானே உன் பக்கம்தான் பேசினேன். இன்றைக்கும் டயர் கடைக்காரர் என்னைப் பார்த்தால் மேலே ஒரு தரம், கூரையை ஒரு தரம் பார்த்துக்கொள்கிறார். சிரிக்காதே. சரி, சிரி.

இப்போது இங்கே நடந்த கூத்தைக் கேள். செவ்வாய்க்கிழமை லாட்ஜுக்கு மெத்தைகள் தைத்து அடுக்கி, சாயங்காலம் வண்டி வரப்போகிற நேரத்தில் பெரிய ஊசியைக் காணவில்லை. உனக்குத் தெரியும், என் முழங்கை நீளத்துக்கு இருக்குமே, மெத்தையின் இந்தப் பக்கம் குத்தினால் அந்தப் பக்கம் வருகிற ஊசி. அது மெத்தைக்குள்ளேயே தங்கி, லாட்ஜில் யாராவது அசந்து படுத்தால் என்ன ஆகும். உங்கப்பா பழைய ரேடியோ ஸ்பீக்கரில் இருந்து கழற்றிய காந்தத்தை எடுத்து வந்து, ஒவ்வொரு மெத்தையிலும் தலைமாட்டில் இருந்து கால்மாடு வரைக்கும் தேய்த்தார், நான் பின்னாலேயே உள்ளங்கையால் அமுக்கிக்கொண்டே போனேன். பார்த்ததையே திரும்பப் பார்க்கக் கூடாது என்று, முடிந்த மெத்தைக்கெல்லாம் ஒரு துணித் துண்டில் 'பார்த்தாச்சு' என்று எழுதி நம்பர் போட்டுத் தைத்தார். அதிலும் பாரேன், ஒன்றைத் தலைகீழாகத் திருப்பிப் போட்டுவிட்டு அதற்கே அடுத்த நம்பரையும் போட்டுவிட்டார். ஏங்க, ஒரே மெத்தைக்கு ரெண்டு நம்பரா என்று கேட்டால், "ரெண்டு பக்கமும் பார்த்தேன்ல!" என்று என் மேலேயே பாய்கிறார். எதிலும் ஊசி இல்லை. வண்டி வந்து ஏற்றிக்கொண்டு போய்விட்டது. மறுநாள் லாட்ஜ் மேனேஜர் போன் செய்தபோது எனக்கு உயிரே இல்லை. அவர் என்ன சொன்னார் தெரியுமா, "நம்பர் போட்டது ரொம்ப நல்லா இருக்குங்க, மாடிக்கும் நம்பர் போட்டதாவே தைச்சுக் குடுங்க" என்கிறார். ஊசி இல்லை என்பதற்காகப் போட்ட நம்பர், இப்போது அதுதான் உயர்ந்த ஜாமானாம். உங்கப்பா காந்தத்தைச் சட்டைப் பையிலேயே வைத்துக்கொண்டு பெரிய இன்ஸ்பெக்டர் மாதிரி நடக்கிறார்.

அன்றைக்குத்தான் எனக்கு உன் ஞாபகம் வந்தது. நீதானே வாய் ஓயாமல் சொல்வாய், அந்தக் காலத்தில் ஒருத்தர் வால்நட்சத்திரம் தேடித் தேடி அலைந்தார், வழியெல்லாம் பஞ்சுத் துணுக்கு மாதிரி மங்கலாக ஏதேதோ தெரிந்து அவரை ஏமாற்றியது, இது இல்லை, இதுவும் இல்லை என்று மற்றவர்களும் ஏமாறாமல் இருக்க ஒவ்வொன்றுக்கும் நம்பர் போட்டு எழுதி வைத்தார் என்று. அவர் கண்டுபிடித்த வால்நட்சத்திரங்கள் இன்றைக்கு யாருக்கு ஞாபகம் இருக்கிறது, ஒதுக்கி வைத்த அந்தப் பட்டியலைத்தானே நீங்கள் எல்லோரும் தலையில் வைத்துக் கொண்டாடுகிறீர்கள். அந்தப் பஞ்சுத் துணுக்குகளில் நாற்பது என்னவோ, ஒவ்வொன்றும் கோடி கோடி நட்சத்திரம் அடைத்த கேலக்ஸி என்று அவருக்கே தெரியாது என்றாய். அவரே நூற்றியொன்றையே திரும்பப் பார்த்து நூற்றிரண்டு என்று போட்டிருக்கலாம் என்றும் சொன்னாய். உங்கப்பாவிடம் இதைச் சொன்னதும், "பெரிய ஆளுங்க எல்லாம் ஒரே மாதிரிதான்" என்று மீசையைத் தடவிக்கொண்டார்.

வியாழக்கிழமை உன் கிளப்பில் இருந்து ஒரு போன். எப்போதும் ஃப்ளாஸ்க்கோடு வருவார் என்று சொல்வாயே, அந்த ஃப்ளாஸ்க் அக்கா. அவசரத்துக்கு என்று நீ எழுதிக் கொடுத்த என் நம்பரைத் தேடிப் பிடித்திருக்கிறார். "அவளுக்கு உடம்பு சரியில்லையாம்மா, போன சனிக்கிழமையும் வரல, போன் போட்டாலும் எடுக்கல. வேன்ல அவ சீட்டுல யாரையும் உக்கார விடல நாங்க" என்றார். உன் கிளப்பில் இருக்கிற அந்த பேங்க்காரர்தான், அது வால்நட்சத்திரம் இல்லை என்று தெரிந்த அன்றைக்கு, "வாம்மா, அடுத்து நிலாவையும் நீயே கண்டுபிடிச்சுக் குடுத்துடு" என்று சொல்லிவிட்டாராம். அதிலிருந்து மனுஷன் சரியாகச் சாப்பிடுவதில்லையாம். அடி பாவி, இதற்கா? என் வயிற்றில் பிறந்து, என் வாயில் இத்தனை வருஷம் விழுந்து எழுந்தவள், ஒரு நிலாவுக்கா ஓடி ஒளிவாய்? எனக்கு வேண்டாதவர்களை நான் ஒரு நாளாவது கேலி செய்து பார்த்திருக்கிறாயா? அவர்களிடம் "வாங்க, உக்காருங்க" என்று மரியாதையாகப் பேசி அனுப்பிவிடுவேன். கேலி எல்லாம் நம் ஆட்களுக்குத்தான்.

போனை வைத்ததும் அப்படி என்ன பெரிய தொண்ணூற்றொன்று, என் பெண்ணை அழவைத்தது என்று பார்க்கப் போனேன். நான் தைக்கிற இடத்துக்குப் பின் சுவரில் நீ ஒட்டிவிட்டுப் போன பெரிய படம், வரிசைக்குப் பத்தாக நம்பர் போட்ட படம். எனக்குத் தெரிந்தது தொப்பி மாதிரி இருக்கிற நூற்றிநாலும், வாளித் தண்ணீரைக் கலக்கிவிட்ட மாதிரி சுழல்கிற ஐம்பத்தொன்றும்தான். தொண்ணூற்றொன்று கீழே ஓரத்தில், குனிந்து தேடினால் அதற்கு நேர் கீழே, படத்தின் மூலையில், பளபளவென்று நம் பெரிய ஊசி! ஃபேன் காற்றில் மூலை படபடவென்று அடிக்கிறது என்று உங்கப்பா மரச்சட்டத்தோடு சேர்த்துக் குத்தி வைத்திருக்கிறார். வீட்டையே புரட்டிப் போட்ட மனுஷன் இப்போது, "பத்திரமா இருக்கட்டும்னுதான் வச்சேன்" என்கிறார்.

அங்கேயே உட்கார்ந்திருந்தபோது எனக்கு நீ சொன்ன இன்னொன்றும் ஞாபகம் வந்தது. அந்தப் பட்டியல்காரரே தொண்ணூற்றொன்றை எழுதும்போது, எந்தப் புள்ளியில் இருந்து அளந்தோம் என்பதில் குழம்பி, இடத்தைத் தப்பாக எழுதிவிட்டார், அப்புறம் இருநூறு வருஷத்துக்குக் கிட்ட அது எது என்று யாருக்கும் பிடிபடவில்லை என்று. நீயும் அதே கேலக்ஸிக் கூட்டத்தில் எங்கேயோ தப்பாக எண்ணி அதே இடத்தில்தான் விழுந்திருக்கிறாய். அவ்வளவு பெரியவரைக் குழப்பியதற்கு நீ எம்மாத்திரம். நீ தேறி வர இருநூறு வருஷம் எல்லாம் எங்களால் காத்திருக்க முடியாது, உங்கப்பாவுக்கு ஏற்கனவே முழங்கால் வலி.

இனி நான் கேலி பண்ணாமல் ஒன்று சொல்கிறேன், இந்த ஒரு பத்திதான், பயப்படாதே. வானத்தில் எது வால்நட்சத்திரம் எது கேலக்ஸி என்று எனக்கு ஒன்றும் கவலை இல்லை. முன்னெல்லாம் ஞாயிற்றுக்கிழமை நீ பேசும்போது பின்னால் யாராவது சிரிப்பார்கள், யாரோ சீக்கிரம் வா என்று கூப்பிடுவார்கள், நீ எங்களைத் துரத்திவிட்டு ஓடுவாய். எனக்குக் கோபம் வரும், தூக்கமும் வரும். இப்போது உன் குரலுக்குப் பின்னால் உன் ரூம் ஃபேன் சத்தம் மட்டும்தான் கேட்கிறது. அதைக் கேட்டுவிட்டு எனக்குத் தூக்கம் வரவில்லை.

அதனால் டெலஸ்கோப்பைக் கொடுக்காதே. சனிக்கிழமை வேன் வரும், ஏறி உன் சீட்டில் உட்கார். பேங்க்காரரிடம் நிலா இன்னும் கிடைக்கவில்லை, தேடிக்கொண்டிருக்கிறேன் என்று சொல், மனுஷன் நிம்மதியாகச் சாப்பிடட்டும். ஊசியை நாங்கள் எடுக்கவில்லை, வேறு ஊசி வாங்கிவிட்டோம். எடுத்தால் உன் படம் மறுபடியும் படபடக்கும் என்று உங்கப்பா தொட விடமாட்டேன் என்கிறார். நீ லீவில் வந்து உன் கையால் எடு. அதுவரைக்கும் தொண்ணூற்றொன்றுக்கு அதுதான் காவல்.

உடம்பைப் பார்த்துக்கொள், கம்பளித் தொப்பியை மறக்காதே, எங்கள் ரெண்டு பேர் ஆசியும் உன் தலை மேலே எப்போதும் இருக்கும். ஞாயிற்றுக்கிழமை நீ போன் செய்யும்போது நான் முதலில் பேச மாட்டேன், பின்னால் யார் சிரிக்கிறார்கள் என்று காது கொடுத்துக் கேட்பேன்.

இப்படிக்கு,
உன் மேல் பைத்தியமாக இருக்கும்,
பார்த்தாச்சு கம்பெனி முதலாளியம்மா,
உன் அம்மா.