கொடிக்கு ஒரு விரல் இடம்

இன்று காலை அந்த கேபிள் டையை கட்டிங் பிளேயரால் வெட்டி எடுத்தேன். ஒயர் கட்டுகிற அந்த வெள்ளை பிளாஸ்டிக் பட்டை அவரைத் தண்டுக்குள் புதைந்து கிடந்தது. எடுத்த இடத்தில் சுற்றிலும் பள்ளம். மேலே பந்தல் வரைக்கும் காய்ந்த கொடி, விரியாமலே கருகிய மொட்டுகள். கீழே ஒரு சாண் தண்டு. மழைத் தண்ணீர் இறங்கி அதுவும் அழுகத் தொடங்கிவிட்டது. கை கழுவியும் இலை வாசனை போகவில்லை. ஒரகடம் போகிற கம்பெனி பஸ்ஸில் உட்கார்ந்து விரலை மோந்துகொண்டே போனேன். உன் கையில் இருந்த வாசனை.

படப்பையில் இந்த வாடகை வீட்டுக்கு வந்த முதல் ஆடியில், பின்பக்கம் காம்பவுண்டு சுவரை ஒட்டிய இரண்டு அடி மண்ணை வீட்டுக்கார அம்மாவிடம் கேட்டு வாங்கினாய். விதை நீ போட்டாய், பந்தல் நான் போட்டேன். நான்கு சவுக்குக் கழியையும் நட்டு, மட்டப்பலகை வைத்துப் பார்த்தேன். நீ சிரித்த சிரிப்பில் வீட்டுக்கார அம்மா எட்டிப் பார்த்தார்.

"யோவ் டிப்ளமோ, கொடிக்கு இன்னாத்துக்குயா மட்டம்? அது இன்னா கன்வேயரா?"

கொடி முழங்கால் உயரம் வந்ததும் கேபிள் டை போட்டுக் கழியோடு கட்டினேன். வண்டிகளுக்கு ஒயர் கட்டுவதுதானே என் வேலை. 'டிக்' என்று சத்தம் வரும் வரை இழுக்க வேண்டும். பிறகு இன்னொரு முறை இழுக்க வேண்டும். ஆடினால் ரிஜெக்ட்.

"இன்னா பண்ணிக்கினு கீற நீ?"

"டைட்டா கட்னாதான் ஆடாது."

"ஆடட்டுமே. உன் ஒயரு வளராது, இது வளரும். தண்டு பெருத்தா எங்கயா போவும்?"

அதை வெட்டிப் போட்டுவிட்டு, பழைய காட்டன் புடவையில் ஒரு முழம் கிழித்தாய். தண்டைச் சுற்றி ஒரு வளையம், நடுவில் ஒரு முறுக்கு, கழியைச் சுற்றி ஒரு வளையம். தண்டுப் பக்கத்து வளையத்துக்குள் மோதிர விரலை விட்டு எடுத்துக் காட்டினாய்.

"என் வெரலு பூந்து வரணும். உன்து வேணாம். அது வெரலா, ஸ்பேனரு."

நீயும் போன் கம்பெனியில் எட்டு மணி நேரம் நின்று வந்தவள்தான். ஆனால் கம்பெனி கேட்டைத் தாண்டியதும் உன் கை வேறு கையாகிவிடும். செடிப்பேன் பிடித்த கொழுந்தில் சாம்பல் தூவும். பந்தலைத் தொட்ட நுனியைக் கிள்ளிவிடும். என் கை வீடு வரைக்கும் அசெம்பிளி லைனிலேயே இருக்கும்.

போன தை மாதம், பந்தல் நிறையப் பூ இருந்தபோது உனக்குக் காய்ச்சல் வந்தது. மாத்திரை போடு, ஷிப்ட் முடித்து வருகிறேன் என்றேன். "மெதுவா வா. செடிக்குத் தண்ணி ஊத்தல, வந்து ஊத்திடு" என்றாய். அன்றைக்கு ஓ.டி.யும் பார்த்துவிட்டு வந்தேன். மறுநாள் ஆஸ்பத்திரியில் சேர்த்தேன். நாலாம் நாள் விடியும்போது நீ இல்லை. நர்ஸ் உன் மோதிரத்தைப் பஞ்சில் சுற்றிக் கொடுத்தார். செடிக்குத் தண்ணீர் ஊற்றினேனா என்று இன்றுவரை ஞாபகம் வரவில்லை.

இந்த ஆடியில் வீட்டுக்கார அம்மா ஒரு காகிதப் பொட்டலம் கொண்டுவந்தார். "உன் பொண்டாட்டி வெச்ச செடிதான் தம்பி. காஞ்ச காயப் பறிச்சி வெச்சேன். பட்டம் போறதுக்குள்ள போடு." நான்கு விதை. இரண்டை வண்டு துளைத்திருந்தது. ஒன்று மண்ணுக்குள்ளேயே அழுகியது. ஒன்று வந்தது. தண்ணீர் ஊற்றினேன், சாம்பல் தூவினேன், நுனி கிள்ளினேன். எனக்கு அது ஒன்றுதான் வேலையாக இருந்தது.

ஐப்பசி மழையில் ஒரு நாள் பஸ்ஸை விட்டு இறங்கி வந்து பார்த்தால், கழியில் மிச்சமிருந்த உன் புடவைத் துண்டால் நான் போட்ட கட்டு இற்றுப்போய்க் கொடி சாய்ந்து கிடக்கிறது. புடவையை எல்லாம் உன் அம்மா எடுத்துப் போய்விட்டார்கள். பையில் கேபிள் டை இருந்தது. தூக்கி நிறுத்திக் கட்டினேன். 'டிக்' என்றது. இன்னொரு முறை இழுத்தேன். விரலை விட்டுப் பார்க்கவில்லை. மறுநாளிலிருந்து ஓ.டி.; இருட்டோடு போய் இருட்டோடு வந்தேன். மூன்று வாரம் கழித்து வீட்டுக்கார அம்மா வாசலிலேயே பிடித்துக்கொண்டார். "இன்னா தம்பி, நல்லாத்தான இருந்துச்சி? மொட்டுகூட வெச்சிதே."

நன்றாகத்தான் இருந்தது. நான்தான் கட்டினேன் என்று சொல்லவில்லை. உனக்குச் சொல்கிறேன்.

இன்று டீ இடைவேளையில் குவாலிட்டி ரூமுக்குப் போய் வெர்னியர் அளவுகோலைக் கேட்டு வாங்கினேன். அதன் சின்ன மூக்கை உன் மோதிரத்துக்குள் விட்டு விரித்தேன். அங்கே வேலை பார்க்கும் அண்ணன் எட்டிப் பார்த்தார்.

"இன்னா தம்பி, புது பார்ட்டா? அளவு போட்ட டிராயிங் எங்க?"

"டிராயிங் இல்லண்ணா."

"டிராயிங் இல்லாம அளந்து இன்னா பண்ணப் போற?"

அளவைப் படித்தேன். பதினாறு புள்ளி இரண்டு மில்லிமீட்டர். மூன்று முறை அளந்தேன், மூன்று முறையும் அதே. ஒரு சீட்டில் எழுதி, மோதிரத்தோடு சட்டைப் பையில் ஐ.டி. கார்டுக்குப் பின்னால் வைத்திருக்கிறேன். உன் விரல் நுழையும் இடம் எவ்வளவு என்று இப்போது எனக்குச் சரியாகத் தெரியும். கட்டுவதற்குக் கொடி இல்லை. விதையும் இல்லை.

பெல் அடித்தது. லைனுக்குப் போய் அடுத்த வண்டியின் ஒயரை 'டிக்' என்று சத்தம் வரும் வரை இழுத்தேன். பிறகு இன்னொரு முறை இழுத்தேன்.