கள்ளிப்பழச் சர்பத்

16-5-1998, சனி

காலை எட்டு மணிக்கே முற்றத்தில் கால் வைக்க முடியவில்லை. மதினிக்கு மூன்றாம் மாதம். மோர், கஞ்சி, வெறும் தண்ணீர் — எது குடித்தாலும் வாந்தி. வெள்ளிக்கிழமைக்குள் சரியாகாவிட்டால் அவளுடைய அய்யா பூமிநாதன் மாமா வந்து கடலாடிக்கு அழைத்துப் போய்விடுவாராம். பிள்ளை பிறந்துதான் திரும்புவாளாம். அண்ணன் சரி என்றுவிட்டான். என்னை யார் கேட்பது? நான் படித்த கதையைச் சொன்னால் "அப்பறம்?" என்று கேட்க இந்த வீட்டில் அவள் ஒருத்திதானே.

17, ஞாயிறு

பழைய வாரப் பத்திரிகையில் வெயிலுக்கு ஒரு பழச் சர்பத்! ஸ்ட்ராபெரி, எலுமிச்சை, ஐஸ். ஸ்ட்ராபெரியைக் கதைகளில் படித்ததோடு சரி. ஆனால் சிவப்பாக ஒரு பழம் கண்மாய்க்கரையில் கேட்பாரற்றுக் கிடக்கிறதே — சப்பாத்திக்கள்ளி!

18, திங்கள்

பதினேழு பழம். இடுக்கியால் பறித்து, மண்ணில் புரட்டி, சாக்கில் தேய்த்து, நடுவிலிருக்கும் நட்சத்திர முள்ளை நோண்டி எடுத்தேன். விரலெல்லாம் பொடிமுள். துணியில் பிழிந்ததும் — அடடா, அந்த நிறம்! நாலு எலுமிச்சை, பனங்கற்கண்டு, கிணற்றுத் தண்ணீர், பத்திரிகை சொன்னபடி ஒரு சிட்டிகை உப்பு. ருசி பார்த்தேன். பிரமாதம்.

"பிள்ளத்தாச்சிக்குக் கள்ளிப்பழத்தையாடி குடுப்பாக?" என்று அம்மா கத்தினாள்.

மதினி ஒரு வாய்தான் குடித்தாள். "ஏ முருகேசு, மண்டபத்துக் கடல்தண்ணியவே கலக்கிக் கொண்டாந்துட்டியா?" சொல்லி முடிக்குமுன் கொல்லைக்கு ஓடினாள்.

உப்பா? எனக்குத் தெரியவே இல்லையே.

19, செவ்வாய்

இப்போதுதான் உறைக்கிறது! ஊருணி வற்றியதிலிருந்து குடிப்பது, சமைப்பது எல்லாமே உப்புக் கிணற்றுத் தண்ணீர். எங்கள் நாக்குக்குப் பழகிவிட்டது. மோரும் கஞ்சியும் அதே உப்பு. அதற்குமேல் நான் ஒரு சிட்டிகை வேறு!

"முன்னாடியே சொல்லக்கூடாதா மதினி?"

"வந்த வீட்டுத் தண்ணியப் போயி எப்பிடிடி குறை சொல்றது?"

நல்ல மரியாதை. அதற்காகச் சாகவா முடியும்?

20, புதன்

ஐந்தரைக்கே குடத்தோடு ஊருணிக்குப் போனேன். வற்றிய தரை நடுவில் தோண்டிய நல்ல தண்ணீர் ஊற்றுக்கு எனக்கு முன்னால் பதினோரு குடம். ஊறும்வரை காத்திருந்து, சிரட்டையால் அள்ளி, மறுபடி காத்திருந்து...

பக்கத்து வீட்டு சோணையம்மாள் அத்தைக்கு ஒரே கேலி. "என்னத்தா, புத்தகத்தப் போட்டுட்டுக் கொடத்தத் தூக்கிட்ட! மாப்ள கீப்ள வாராகளா?"

சர்பத்தை உப்புப் போடாமல் கலக்கி, மண்பானையில் ஈரத்துணி சுற்றி வைத்தேன். மதினி அரை டம்ளர் குடித்தாள். கால் மணி. அரை மணி. நான் அவள் முகத்தையே பார்த்தபடி —

"ஏன்டி முழிக்கிற? இருந்தா இன்னங் கொஞ்சம் ஊத்து."

வாந்தி நின்றுவிட்டது! நின்றுவிட்டது!

21, வியாழன்

மூன்று டம்ளர். ஊற்றுத் தண்ணீரில் வைத்த கஞ்சியும் தங்கியது. சர்பத்தைத் தொடவே இல்லை என்கிறாள் அம்மா. உதடெல்லாம் சிவப்பு.

22, வெள்ளி

பதினோரு மணிக்கு பூமிநாதன் மாமா வேனோடு வந்துவிட்டார். மதினியின் பெட்டியை அண்ணன் முந்தாநாளே கட்டி வைத்திருந்தான். சர்பத்தை டம்ளர் நிறைய ஊற்றி நீட்டினேன்.

"என்னத்தா இது, ரத்தமாட்டம் இருக்கு?" முகர்ந்தார், குடித்தார், டம்ளரைத் திருப்பி நீட்டினார். "இன்னொன்னு குடு."

உள்ளிருந்து வந்து மதினி சொன்னாள்: "அய்யா, நான் இங்கனயே இருக்கேன். தண்ணிதான் ஒத்துக்கல. இப்ப முருகேசு நல்ல தண்ணி கொண்டாறா."

எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். அம்மா மட்டும் மதினியைப் பார்த்து, "ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம்ல தாயி" என்றாள்.

வேன் மாமாவை மட்டும் ஏற்றிக்கொண்டு போனது.

ஆள்காட்டி விரலில் இன்னும் ஒரு கள்ளிமுள், எழுதும்போதெல்லாம் குத்துகிறது. மதினி ஊசியை எடுத்து வைத்துக்கொண்டு கூப்பிடுகிறாள். போக வேண்டும்.