முகட்டுக் கற்குவியல்கள்

ஜூலை 9

ரொட்டிக் கூடைக்குப் பக்கத்தில் ஒருவன் ஈரச் சாக்ஸைக் காயப் போட்டிருந்தான். கேட்டால், "வெயில் இங்கதான் படுது" என்கிறான். கழிவறையைப் பற்றி எழுத வயிறு தாங்காது.

மலையேறிகள் தங்கும் இந்த மலைக்குடிலை நடத்துவதில் இது எனக்குப் பத்தொன்பதாவது கோடை. வருகிறவர்கள் வருஷத்துக்கு வருஷம் அழுக்காகிறார்களா, எனக்குத்தான் மூக்கு கூர்மையாகிறதா?

குடில் புத்தகத்தில் எழுதாமலே ஐந்து பேர் போய்விட்டார்கள். பேர், ஊர், எங்கே போகிறேன் – மூன்றே விஷயம். ஆள் திரும்பாவிட்டால் மீட்புக்காரர்கள் முதலில் புரட்டுவது அதைத்தான். கத்தினால் என் முதுகுக்குப் பின்னால் சிரிக்கிறார்கள்.

ஜூலை 12

வின்சென்ஸ் வந்தான். என் தம்பி, இந்த மலைப் பாதைகளுக்குப் பொறுப்பாளன். பெயின்ட் டப்பாவோடு முகட்டிலிருந்து இறங்கி, சேற்றுக் காலோடு என் சமையலறைக்குள் நுழைந்தான். என் கை முழுக்க மாவு.

"அக்கா, பாறை நனைஞ்சிருக்கு, வழிக்குறி போட பெயின்ட் ஒட்டல. விவரத்தப் புத்தகத்துல எழுதி வெச்சிருக்கேன், பாத்துக்க."

"சரி, பாக்குறேன். முதல்ல காலை வெளிய எடு."

ஜூலை 20

முகட்டுக்குப் போனேன். நேற்று வந்த கூட்டம் கைபேசியில் கற்குவியல் படம் காட்டிப் பீற்றிக்கொண்டதே, அதைப் பார்க்க.

சகிக்கவில்லை. ஆள் ஒருவர் நடக்கும் அகலம், இரண்டு பக்கமும் வெறும் காற்று, கீழே பனி மூடிய சரிவு. அந்த இடத்தில் முழத்துக்கு முழம் கற்குவியல்! படம் எடுக்க அடுக்கியவை. கல்லுக்கு நடுவில் ஆரஞ்சுத் தோல், துடைத்துப் போட்ட காகிதம். ச்சீ.

எல்லாவற்றையும் உதைத்துத் தள்ளினேன். பெரிய பல் என்று நாங்கள் சொல்லும் பாறையைத் தாண்டியதும் இடுப்பளவில் ஒன்று நின்றது. எந்த வேலையற்றவனோ அரை நாள் செலவழித்திருக்கிறான். அதற்கு மூன்று உதை வேண்டியிருந்தது. மேகம் ஏறியது, சூப்பும் வைக்க வேண்டும். அதோடு திரும்பிவிட்டேன்.

ஜூலை 21

கால் கட்டைவிரல் வீங்கியிருக்கிறது. பரவாயில்லை, நல்ல காரியத்துக்கு வந்த வீக்கம்.

ஜூலை 27

அதிசயமாக ஒரு மனுஷி! கிராஸ் நகரத்து ஓட்டிலி அம்மா, ஓய்வு பெற்ற ஆசிரியை. கம்பளியை மடித்து வைத்தார், தன் கோப்பையைத் தானே கழுவினார், புத்தகத்தில் அழகாக எழுதினார்: 'முகடு வழியாக மேற்குக் குடில்.' காலையில் மேகம் தாழ்ந்திருந்தது.

"மேகம் மூடினா வழி தெரியுமாம்மா?" என்றார்.

"பெரிய பல்லைத் தாண்டி நேரா போங்க. ஒரே முகடுதான், தப்பவே முடியாது" என்றேன்.

ஜூலை 28

மேற்குக் குடிலிலிருந்து தொலைபேசி. அவர் நேற்று வந்து சேரவேயில்லை.

மதியம் ஹெலிகாப்டர் கண்டுபிடித்தது. பெரிய பல்லுக்கு அப்பால் கல் உதிரும் பள்ளத்தில், நாற்பது மீட்டர் கீழே. இடுப்பெலும்பு முறிந்திருக்கிறது. ஒரு நாள் முழுக்க அங்கேயே கிடந்திருக்கிறார். உயிர் இருக்கிறது. நடப்பாரா என்று மருத்துவர்கள் சொல்ல மாட்டேன் என்கிறார்கள்.

ஜூலை 29

வின்சென்ஸ் முகட்டைப் பார்த்துவிட்டு முகம் வெளுத்து வந்தான்.

"எவனோ ஒரு பரதேசி என் குவியல உதைச்சுத் தள்ளிட்டான்க்கா!"

"எது உன் குவியல்?"

"பல்லுக்கு அந்தாண்ட, வழி காட்ட நான் அடுக்குனது, இடுப்பு உசரம். உங்கிட்ட சொன்னேனே, புத்தகத்துல இருக்குன்னு!"

பன்னிரண்டாம் தேதிப் பக்கத்தைத் திருப்பினேன். அவன் கோழிக் கிறுக்கல்: 'பல்லுக்கு அப்புறம் முகடு இடிந்துவிட்டது. நேராகப் போக வேண்டாம். பெரிய குவியல் அருகே இடது பக்கம் இறங்கவும்.'

எழுதவில்லை என்று எத்தனை பேரைத் திட்டியிருப்பேன். நான் வாசித்தேனா?

அவன் அந்தப் பரதேசியைத் திட்டத் திட்ட, நானும் தலையாட்டினேன். தலையாட்டினேன்!

ஜூலை 31

இன்றும் ஒருத்தி மேசையில் நகம் வெட்டினாள். திட்டாமல் நானே துடைத்தேன். சாக்ஸ்காரன் யாரையும் பள்ளத்தில் இறக்கவில்லையே. அருவருப்பு இந்த முறை விருந்தாளிகள் மேல் இல்லை.

ஆகஸ்ட் 2

நாளை பத்து மணிக்குப் பள்ளத்தாக்குக் காவல் நிலையத்தில் வின்சென்ஸை விசாரிக்கிறார்கள். பெயின்ட் அடிக்காமல் வெறும் குவியலை நம்பி வழியை விட்டுவிட்டதாக அவன் மேல் குற்றம். பொறுப்பிலிருந்து அவனை எடுத்துவிடுவார்களாம்.

"விடுக்கா, என் தப்புதான். காயுற வரைக்கும் நான் காத்திருந்திருக்கணும்" என்றான் தொலைபேசியில். "நீ மனசப் போட்டு அலட்டிக்காத. சாப்டியா?"

சாப்பிட்டியாவாம். அடப்பாவி. எனக்கா இந்தக் கரிசனம்?

ஆகஸ்ட் 3, காலை ஐந்தரை

அடுப்பை அணைத்துவிட்டேன். ரொட்டியும் பாலும் மேசையில் இருக்கின்றன, எடுத்துக்கொள்ளட்டும்.

பத்தொன்பது கோடையில் முதல் தடவையாகக் குடில் புத்தகத்தில் என் பேரை எழுதினேன்.

பேர்: வால்பர்கா. ஊர்: இந்தக் குடில். எங்கே போகிறேன்: கீழே, காவல் நிலையம். குவியலை உதைத்தது நான்.