ஒட்டின இடத்துச் சூடு

கோவில்பட்டி நிலையத்தில் விளாத்திகுளம் பேருந்து இன்னும் கிளம்பவில்லை. ஓட்டுநர் டீ குடிக்கப் போயிருந்தார். எனக்கு முன் இருக்கையில் ஒரு கல்லூரிப் பெண், வண்டி நிற்கிற நேரத்துக்குள் நகத்துக்குச் சாயம் பூசி முடித்துவிட வேண்டும் என்று அவசர அவசரமாகப் பூசிக்கொண்டிருந்தாள். அந்த வாசம் வந்ததும் நான் சட்டென்று பக்கத்து இருக்கையைத் திரும்பிப் பார்த்தேன். அங்கே ஒரு அம்மா மடியில் கூடையை வைத்துக்கொண்டு தூங்கிக்கொண்டிருந்தார்.

நம் ஆய்வகத்து வெள்ளிப் பசைக்கு அதே வாசம். சின்னக் கண்ணாடிப் புட்டியைத் திறந்து, பல்குத்தும் குச்சியின் நுனியால் ஒரு துளி தொட்டு, சிலிக்கான் சில்லைச் செப்புத் தகட்டில் நீ ஒட்டுவாய். ஒட்டும்போது மூச்சை அடக்கிக்கொள்வாய். அந்த நேரத்தில் உன் உயிர்த்தோழியாகவே இருந்தாலும் நான் வாய் திறக்கக் கூடாது. காய்ந்த பிறகுதான் திரும்பி, "இப்பப் பேசுட்டி" என்பாய்.

உன் உம்மாவைப் பார்க்கத்தான் அன்றைக்குப் போய்க்கொண்டிருந்தேன். போய்வந்த பிறகு இதை எழுதுகிறேன். உனக்கு எழுதுவதற்கு எனக்கு வேறு காரணமும் இருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

பெங்களூரில் நாம் சந்தித்தது உனக்கும் மறந்திருக்காது. ஆய்வகத்துக்கு வெளியே படிக்கட்டில் நின்று நான் அம்மாவிடம் போனில் பேசிக்கொண்டிருந்தேன். "இங்கன ஒரு குறையும் இல்ல, சாப்பிட்டுட்டேன்" என்று சொல்லி முடிப்பதற்குள், கறுப்பு துப்பட்டாவோடு ஒருத்தி எதிரே வந்து நின்று, கோவில்பட்டிப் பக்கமா என்று கேட்டாள். நீ விளாத்திகுளம் என்றாய். உன் வாப்பாவுக்கு அங்கே மிளகாய் வத்தல் கடை. நமக்கு ஒரே வயது, ஒரே வழிகாட்டி, பக்கத்துப் பக்கத்து மேசை. அந்த நகரத்தில் நான் தனியாக இருப்பதாக அதற்குப் பிறகு நாலு வருஷம் நினைத்ததே இல்லை.

நாம் பார்த்த வேலையை ஊரில் யாருக்கும் விளக்க எனக்கு வராது. உனக்கு வரும். ஒரு விடுமுறையில் உங்கள் வீட்டில் சாப்பிட்டுக்கொண்டிருந்தபோது, அங்கே என்னதான் செய்யுதீங்க என்று உம்மா கேட்டார்கள். தலைமுடியை ஆயிரமாய்ப் பிளந்தால் ஒன்று எவ்வளவு மெல்லிசாக இருக்குமோ அவ்வளவு மெல்லிசாக ஒரு சிலிக்கான் கம்பி என்று நீ ஆரம்பித்தாய். அதில் மின்சாரம் போக வேண்டும், சூடு மட்டும் போகக் கூடாது. அப்படி ஒன்று கிடைத்தால் வீணாய்ப் போகிற சூட்டிலிருந்தே மின்சாரம் எடுக்கலாம். எலக்ட்ரான் நாலடி வைப்பதற்குள் எதிலாவது முட்டிக்கொள்கிற ஆள். கம்பியின் சுவர் கரடுமுரடாக இருப்பது அதற்குத் தெரியவே தெரியாது. சூடு அப்படியில்லை, அணுக்களின் அதிர்வாக வெகுதூரம் போகிறது, அதனால் சுவரில் இடித்துத் திரும்பிவிடுகிறது. அந்த அதிர்வுக்குப் பெயர் ஃபோனான் என்று நீ சொன்னதும் உம்மா சோற்றுக் கரண்டியோடு நின்றுவிட்டார்கள்.

"யாருட்டி போனான்?"

நாம் சிரித்த சிரிப்பில் வாப்பா கடையிலிருந்து எட்டிப் பார்த்தார்கள். அதற்குப் பிறகு போனில் பேசும்போதெல்லாம் உம்மா, "என்ன புள்ள, போனவன் வந்தானா?" என்றுதான் என்னிடம் விசாரிப்பார்கள்.

நான்காம் வருஷம் எனக்கு ஓர் அதிசய அளவு கிடைத்தது. இரண்டு சின்னஞ்சிறு மேடைகள், நடுவே பாலம்போல் அந்தக் கம்பி. ஒரு மேடையைச் சூடாக்கி, மற்றது எவ்வளவு சூடாகிறது என்று பார்க்க வேண்டும். என் கம்பியில் சூடு ஏறக்குறையப் போகவே இல்லை. அதுவரை யாரும் பார்த்திராத அளவுக்குக் குறைவு. வழிகாட்டி என் மேசைக்கு வந்து நின்று மூன்று தடவை திரையைப் பார்த்தார். கட்டுரை எழுதத் தொடங்கச் சொன்னார். நான் வீட்டுக்குப் போன் செய்து, அம்மாவுக்கு ஒன்றும் புரியாது என்று தெரிந்தும், அரை மணி நேரம் பேசினேன்.

கம்பியின் இரண்டு முனைகளையும் நுண்ணோக்கிக்கு அடியில் பிளாட்டினத்தால் மேடையோடு ஒட்டித் தந்தது நீ. அந்த ஒட்டு எப்படி விழுந்திருக்கிறது என்று உனக்குத்தான் தெரியும். அந்த ஒட்டின் மேல் சந்தேகம் இருக்கிறது என்று நீ என்னிடம் தனியாக மூன்று முறை சொன்னாய். முதல் முறை உணவகத்தில். நான் பேச்சை மாற்றினேன். இரண்டாம் முறை நடந்து வரும்போது. அப்புறம் பார்க்கலாம் என்றேன். மூன்றாம் முறை கட்டுரையின் வரைவைப் படித்துவிட்டு ஓரத்தில் பென்சிலால் எழுதித் தந்தாய். அந்தத் தாளை நான் திருப்பிப்போட்டு வைத்தேன்.

அதனால்தான் குழுக் கூட்டத்தில், எல்லார் முன்னாலும், நீ எழுந்தாய். குரலை உயர்த்தவே இல்லை.

"நீ அளந்தது கம்பியையா, ஒட்டின இடத்தையா?"

சூட்டைக் கம்பி தடுக்கிறதா, அல்லது ஒட்டின இடத்தைத் தாண்டி அது கம்பிக்குள் நுழையவே இல்லையா என்று நீ கேட்டாய். வெவ்வேறு நீளத்தில் கம்பிகளை எடுத்து அளக்கச் சொன்னாய். நீளம் கூடக் கூடத் தடை கூடினால் அது கம்பியின் வேலை. நீளத்துக்குச் சம்பந்தமில்லாமல் நிற்கிற பங்கு ஒட்டின இடத்தினுடையது. அதில் தவறு கண்டுபிடிக்க அந்த அறையில் யாராலும் முடியவில்லை. வழிகாட்டி கட்டுரையை நிறுத்திவைத்தார்.

வெளியே வந்ததும் நான் உன்னிடம் சொன்னது எனக்கு வரிக்கு வரி ஞாபகம் இருக்கிறது. உனக்குப் பொறாமை என்றேன். "அப்படின்னா அப்படியே வச்சுக்கோ" என்று சொல்லிவிட்டு உள்ளே போனாய்.

அந்த மாதமே உன் வாப்பாவுக்குப் பக்கவாதம் வந்தது. உங்கள் வீட்டுக்கு நீ ஒரே பிள்ளை. ஆய்வேட்டுக்கு இன்னும் ஒரு வருஷ வேலை பாக்கி இருந்தபோது நீ மேசையைக் காலி செய்தாய். மற்றவர்கள் எல்லாரும் ரயில் நிலையத்துக்கு வந்தார்கள். நான் அறையில் கதவைச் சாத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். தூங்கவில்லை, படிக்கவில்லை, வண்டி கிளம்பும் நேரம் ஆனதும் எழுந்து முகம் கழுவினேன். அவ்வளவுதான் செய்தேன்.

நீ சொன்னபடி ஐந்து நீளங்களில் அளந்து முடிக்க எட்டு மாதம் ஆனது. நீ இல்லாமல் அந்த ஒட்டு வேலையை நானே கற்றுக்கொள்ள வேண்டியிருந்தது. அப்போதுதான் உன் கை எப்படிப்பட்டது என்று தெரிந்தது. தடையில் பாதிக்கு மேல் ஒட்டின இடத்தினுடையது. அதைக் கழித்ததும் என் அதிசயம் போய்விட்டது. நல்ல, நேர்மையான, சாதாரணமான ஓர் அளவு மிஞ்சியது. கட்டுரை ஒரு சிறிய இதழில் வந்தது. எழுதியவர்கள் வரிசையில் உன் பெயரைச் சேர்க்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். நான் நன்றியுரையில், நான்காவது ஆளாக, போட்டேன். இதை நான் உன்னிடம் நேரில் ஒருபோதும் முழுதாகச் சொன்னதில்லை.

ஆறு வருஷம் கழித்துக் கோவில்பட்டிக்குப் பக்கத்தில் ஒரு கல்லூரியில் வேலை கிடைத்து ஊருக்கு வந்தேன். அங்கிருந்து விளாத்திகுளம் எவ்வளவு தூரம்? ஆனாலும் வருவதற்கு எனக்கு ஒரு வருஷம் ஆனது. கடை வாசலில் நான் நின்றபோது நீ மூட்டையில் கைவிட்டு வத்தலை எடுத்து உடைத்துப் பார்த்துக்கொண்டிருந்தாய். எனக்கு நெடி ஏறித் தும்மல் வந்தது. நீ நிமிர்ந்தாய்.

"வாட்டி" என்றாய். "நன்றியில என் பேர்ல ஒரு எழுத்தை முழுங்கிட்டியே."

வீட்டுக்குப் போய் அந்தக் கட்டுரையை எடுத்துப் பார்த்தேன். உண்மைதான். நான் அதுவரை கவனிக்கவே இல்லை. நீ அந்தக் கடையில் உட்கார்ந்து அதைத் தேடியெடுத்து, கடைசிப் பக்கம் வரை படித்திருக்கிறாய்.

அடுத்த சனிக்கிழமையும் வந்தேன். மன்னிப்புக் கேட்க வார்த்தை கோத்துக்கொண்டிருந்தேன். நீ அதற்கு இடமே தராமல் என் பழைய அளவுகள் எல்லாம் எங்கே என்று கேட்டாய். கம்பியின் அளவு என்றேன். அது வேண்டாம் என்றாய்.

"நீ பிழைன்னு கழிச்சியே, அதுதான் எனக்கு வேணும்."

பிளாட்டினத்தில் சூட்டைச் சுமப்பது பெரும்பாலும் எலக்ட்ரான்; சிலிக்கானில் அணுக்களின் அதிர்வு. ஒட்டின இடத்தில் ஒன்று இறக்கிவைப்பதை இன்னொன்று ஏற்றிக்கொள்ள வேண்டும். கயத்தாற்றில் ஒரு லாரியிலிருந்து இன்னொரு லாரிக்கு லோடு மாற்றுகிறார்களே அப்படி என்றாய். ரோட்டில் எவ்வளவு வேகமாக வந்தாலும் மாற்றுகிற இடத்தில் நின்றுதானே ஆகணும். அந்த நிற்கிற நேரத்தைக் கணக்கிட வேண்டும். அதற்கு ஆய்வகம் தேவையில்லை, ஒரு மடிக்கணினியும் என் அளவுகளும் போதும்.

பழைய வன்தட்டைக் கொண்டுவந்து தந்தேன். விசைப்பலகையில் வத்தல் தூசி போகாமல் நீ பாலித்தீன் தாளை விரித்து ஒட்டியிருந்தாய். வாப்பா உள்ளறைக் கட்டிலில் படுத்திருந்தார்கள். ஆள் வந்தால் எழுந்துபோய் வத்தல் காட்டுவாய், திரும்பிவந்து விட்ட வரியிலிருந்து எழுதுவாய். ஆயிரக்கணக்கான ஃபோனான்களை ஒரு முனையில் கிளப்பிவிட்டு, எது கடக்கிறது, எது திரும்புகிறது என்று எண்ணுகிற நிரல். இரண்டரை வருஷம், சனிக்கிழமைதோறும், மத்தியானப் பேருந்தில் நான் வந்தேன். என் வாழ்க்கையில் நான் பார்த்த வேலைகளிலேயே எனக்குப் பிடித்தது அதுதான். ஒரு தடவைகூட உன்னிடம் அதைச் சொல்லவில்லை.

சோர்வாக இருக்கிறது என்று நீ சொன்னபோது வெயில் என்று நினைத்தோம். மதுரையில் ரத்தப் பரிசோதனை முடிவு வந்த பிறகு உனக்கு மூன்று மாதம்தான் கிடைத்தது. கடைசிச் சனிக்கிழமை கடம்பூர் போளி வாங்கிக்கொண்டு வந்தேன். உன்னால் சாப்பிட முடியவில்லை. ஒரு துண்டை வாயில் வைத்துவிட்டுத் துணியில் துப்பினாய். எனக்கு வருத்தமாக இருக்கும் என்று, இனிப்பு கூடுதல் என்று குறை சொன்னாய். வாப்பா அடுத்த அறையில் இருந்தார்கள். உன் பெயரைத் திரும்பத் திரும்பக் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள்.

உன்னை அடக்கம் செய்ய மையவாடிக்குக் கொண்டுபோனபோது ஆண்கள் போனார்கள். நான் உம்மாவின் பக்கத்தில் பாயில் உட்கார்ந்திருந்தேன். தெருவில் காலடிச் சத்தம் அடங்கிய பிறகு உம்மா என் கையைப் பிடித்துக்கொண்டு, "சனிக்கிழமை வருவேல்லா புள்ள?" என்று கேட்டார்கள். வருகிறேன். வாப்பாவும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். கடையை இப்போது உன் பெரியம்மா மகன் பார்க்கிறார். நானும் உம்மாவும் எதிரெதிரே உட்கார்ந்து டீ குடிக்கிறோம். பேச ஒன்றும் இருக்காது. நாலரைப் பேருந்துக்குக் கிளம்பிவிடுவேன்.

கல்லூரியில் எல்லாரும் நல்லவர்கள். பரீட்சை, விடுப்பு, பிள்ளைகளின் கல்யாணம் என்று அன்பாகவே பேசுவார்கள். ஆனால் ஒட்டின இடத்தில் சூடு ஏன் தயங்குகிறது என்று நான் யாரிடம் பேசுவது? இந்த ஊரில் எனக்கு ஆளில்லை. சில நாள் கரும்பலகை முன்னால் நின்றுகொண்டு, நீ என்ன கேட்பாய் என்று யோசித்து, அதற்குப் பதிலை மனசுக்குள் சொல்லிப் பார்க்கிறேன். நீ கேட்பதுபோல் எனக்குக் கேட்க வரவில்லை.

நீ விட்ட இடத்திலிருந்து ஒரு வருஷம் எழுதி நம் கட்டுரையை முடித்தேன். உன் பெயர் முதலில், என் பெயர் இரண்டாவதாக. நிறுவனத்தின் பெயரை எழுதாமல் இதழின் படிவம் நகரவில்லை. உனக்கு நிறுவனம் எது? விளாத்திகுளம் என்று மட்டும் எழுதினேன். அவர்கள் ஏற்றுக்கொண்டார்கள். அச்சானதை உம்மாவிடம் கொடுத்தேன். முதல் பக்கத்தை விரலால் தடவிப் பார்த்துவிட்டுக் குர்ஆன் வைக்கிற அலமாரியின் கீழ்த்தட்டில் வைத்தார்கள்.

உனக்கு எழுதக் காரணம் இருக்கிறது என்றேனே, அது இதுதான். போன மாதம் தொலைதூர நாட்டிலிருந்து ஓர் ஆய்வாளர், முன்பின் தெரியாதவர், கடிதம் அனுப்பியிருந்தார். நீ உயிரோடு இல்லை என்கிற அடிக்குறிப்பை அவர் கவனிக்கவில்லை போலிருக்கிறது; உன்னை விளித்துத்தான் எழுதியிருந்தார். மிகக் குளிர்ந்த நிலையில் உங்கள் கணக்கு சொல்வதைவிட அதிகமான சூடு ஒட்டின இடத்தைக் கடந்துபோகிறதே, எப்படி என்று கேட்டிருந்தார். கட்டுரையில் அதைக் காட்டுகிற வரைபடத்தை நான் நூறு தடவை பார்த்திருக்கிறேன். அந்தக் குளிர்ந்த மூலையை அளவுப் பிழை என்று நினைத்து விட்டுவிட்டிருக்கிறேன்.

உன் நிரலைத் திறந்து அந்தக் குளிர்நிலைக்கான பகுதிக்குப் போனேன். அங்கே, கணக்கு வரிகளுக்கு நடுவில், ஆங்கில எழுத்தில் தமிழாக நீ ஒரு குறிப்பு எழுதிவைத்திருக்கிறாய். நான் இதுவரை அதைப் பார்க்கவில்லை.

"இங்கன ஏதோ இடிக்குது. அவகிட்ட கேக்கணும்."

எனக்கும் தெரியவில்லை, தெரிந்தால் எழுதுகிறேன் என்று அந்த ஆய்வாளருக்குப் பதில் போட்டேன். தினமும் வகுப்பு முடிந்ததும் அந்தப் பகுதியைத் திறந்து வைத்துக்கொண்டு உட்காருகிறேன். மூன்று காரணங்களை எழுதிப் பார்த்து மூன்றையும் அடித்துவிட்டேன். நீ எந்தச் சனிக்கிழமை கேட்கலாம் என்று இருந்தாயோ தெரியாது; கேட்டிருந்தாலும் அன்றைக்கு என்னிடம் பதில் இருந்திருக்காது. கேள்வி என்னிடம் வந்துவிட்டது. பார்த்துக்கொண்டிருக்கிறேன்.